திட்டின் மேல் ஒரு முழம் தண்ணீர்

ஆற்றுக் கப்பல் வழியில் சராசரிக் கணக்கு செல்லாது. நூறு கிலோமீட்டருக்குப் பத்து மீட்டர் ஆழம் கிடக்கலாம். நடுவில் ஓரிடத்தில் நாலு மீட்டர் என்றால், கப்பலுக்கு அது நாலு மீட்டர் ஆறுதான். ஹூக்ளி ஆற்றில் நான் வேலை பார்த்த காலமெல்லாம் அந்த ஓரிடத்தைச் சுற்றியே கழிந்தது. மொயாபூர், ராயாபூர், பாலாரி, ஜெல்லிங்காம், ஆக்லாந்து என்று அப்படி வழியை மறிக்கும் மணல்திட்டு ஒவ்வொன்றுக்கும் பெயர் உண்டு. வங்காளத்து ஊர்ப்பெயர்கள் பிடிபடுவதற்கு முன்பே இந்தப் பெயர்கள் எனக்கு மனப்பாடமாகிவிட்டன. கடல் முகப்பான சாண்ட்ஹெட்ஸிலிருந்து கொல்கத்தா நகரத்துத் துறைகளுக்கு 200 கிலோமீட்டருக்கு மேல் வரவேண்டும். அவ்வளவு தூரமும் மணலும் வண்டலும் ஓதமும் ஓயாமல் இடம் மாற்றிக்கொண்டே இருக்கிற வழி.

கடலில் எட்டு மீட்டர் அமிழ்ந்து மிதக்கும் கப்பல், நன்னீருக்குள் நுழைந்ததும் ஏறக்குறைய ஒரு சாண் கூடுதலாக இறங்கும். உப்புநீர் தாங்குகிற அளவுக்கு நன்னீர் தாங்காது. ஆழம் குறைந்த இடத்தில் வேகமாக ஓட்டினால், அடிப்பகுதியைச் சுற்றி நீர் விரைந்தோடி, அழுத்தம் குறைந்து, கப்பல் இன்னும் சற்றுக் கீழே உட்காரும். அலைக்கும் சாய்வுக்கும் கொஞ்சம் கழிக்கவேண்டும். இத்தனையும் கழித்தபின் கப்பலின் அடிக்கும் மண்ணுக்கும் நடுவே மிச்சம் இருக்கவேண்டியது ஒரு முழமோ இரண்டு முழமோ தண்ணீர். அந்த மிச்சத்தை உண்டாக்கி, காத்து வைப்பதுதான் எங்கள் தொழில்.

ஹூக்ளியில் கப்பல்கள் ஓதத்தின் மீது ஏறியே வருகின்றன. தாழ்ந்த நீரில் திட்டைக் கடக்க முடியாத கப்பல், நீர் ஏறி உச்சிக்கு வரும் நேரத்தில் கடந்துவிடும். உச்சநீர் கடலிலிருந்து ஆற்றின் உள்ளே நகர்ந்து வருவதால், உள்ளே வரும் கப்பல் அதோடு சேர்ந்தே ஒரு திட்டிலிருந்து அடுத்த திட்டுக்குப் போய்விடலாம். வெளியே போகும் கப்பலுக்கு அந்த வசதி இல்லை. அது உச்சநீருக்கு எதிரே போகிறது. ஒரு திட்டைத் தாண்டி அடுத்ததை எட்டும்போது அங்கே நீர் வடியத் தொடங்கியிருக்கும். அதனால் டயமண்ட் ஹார்பர் பக்கம் நங்கூரம் போட்டு அடுத்த ஓதத்துக்குக் காத்திருக்கவேண்டி வரும். இதையெல்லாம் கணக்கிட்டு, வருகிற நாட்களில் எந்த ஓதத்தில் எவ்வளவு அமிழ்ந்த கப்பல் வரலாம் என்று துறைமுகம் முன்கூட்டியே அறிவிக்கிறது. அந்த எண்ணை நம்பித்தான் ஆஸ்திரேலியாவில் ஒருவர் ஹால்டியா துறைமுகத்துக்கான நிலக்கரியைக் கப்பலில் ஏற்றுகிறார். அவர் ஏற்றி முடித்து இங்கே வந்து சேர்வதற்குள் திட்டு ஒரு அடி வளர்ந்துவிடக்கூடும். அறிவிப்பில் கையெழுத்துப் போடுகிறவருக்கு அந்த ஒரு அடி இரவும் பகலும் நினைவில் நிற்கும்.

திட்டு ஏன் அங்கே பிறக்கிறது என்பதைப் புரிந்துகொள்ளாமல் அதன்மேல் கை வைக்கக்கூடாது. வளைந்தோடும் எந்த ஆற்றிலும் வளைவின் வெளிப்புறம் ஆழம், உட்புறம் மணல். அடுத்த வளைவு எதிர்த்திசையில் திரும்பும்போது, ஆழ நீரோட்டம் ஒரு கரையை விட்டு மறு கரைக்குக் கடந்தாகவேண்டும். கடக்கும் இடத்தில் நீர் பரவுகிறது. பரவினால் வேகம் குறைகிறது. வேகம் குறைந்த இடத்தில் சுமந்து வந்த மணலை இறக்கிவைக்கிறது. காவிரியிலும் இதுதான், கங்கையிலும் இதுதான். ஹூக்ளியின் சிக்கல் அதற்கு மேலே இருக்கிறது. அங்கே நீர் நாளுக்கு நாலு தடவை திசை மாறுகிறது. வடியும் நீர் வளைவைப் பிடித்துக்கொண்டு ஓடும். ஏறும் நீர் கடலிலிருந்து நேராக வந்து உட்கரைப் பக்கமாகத் தனக்கென்று வேறொரு வழி தோண்டிக்கொள்ளும். இரண்டு வழிகளும் சந்திக்காமல் ஒன்றையொன்று தாண்டிப் போகிற இடத்தில், நடுவே மணல் நாக்கு நீண்டுவிடும். வரைபடத்தில் இரண்டு ஆழங்களும் முகத்தோடு முகம் பார்த்து நிற்கும். நடுவில் இருக்கும் அந்தக் குறுகிய மேட்டில்தான் கப்பல் முட்டும்.

தாமோதரும் ரூப்நாராயணும் வந்து சேரும் பகுதியில் இருக்கும் ஜேம்ஸ் அண்ட் மேரி மணல்மேட்டுக்கு அந்தப் பெயர், 1694இல் அங்கே மூழ்கிய ராயல் ஜேம்ஸ் அண்ட் மேரி என்ற கப்பலால் வந்தது. மூன்று ஆறுகள் மூன்று விதமான வேகத்தில், மூன்று விதமான மண்ணோடு சந்திக்கிற இடம் அது. பாய்மரக் காலத்து மாலுமிகள் ஏன் அதற்கு அஞ்சினார்கள் என்று புரிய, பௌர்ணமியை ஒட்டிய நாளில் ஏறும் நீரில் ஒரு சிறு படகில் அங்கே நின்றாலே போதும்.

ஹூக்ளியில் நீர் ஏறுவது குறைந்த நேரத்தில், மூர்க்கமாக. வடிவது நீண்ட நேரம், மெதுவாக. உள்ளே வரும் வேகம் வெளியே போகும் வேகத்தைவிட அதிகம் என்பதால், வறண்ட மாதங்களில் மண் மேல்நோக்கி நகர்ந்துகொண்டே இருக்கும். மழைக்காலத்தில் மேலிருந்து வெள்ளம் வந்தால்தான் அது கீழே தள்ளப்படும். வெள்ளம் குறைந்தால் கணக்கு தப்பும். ஹூக்ளியின் மேற்பகுதியான பாகீரதி கங்கையிலிருந்து பிரியும் வாய் தூர்ந்துபோய், ஆண்டின் பெரும்பகுதி கங்கை நீர் ஹூக்ளிக்கு வராமலே இருந்தது. தாமோதரில் அணைகள் எழுந்தபின் அந்தப் பக்கத்து வெள்ளமும் தணிந்தது. கொல்கத்தாவின் குடிநீரில் உப்பு ஏறியது. ஓதம் சுவர்போல் எழுந்து வரும் 'பான்' அடிக்கடி வரலாயிற்று. வெள்ளம் இல்லாத ஆற்றில் எவ்வளவு தூர் வாரினாலும் அடுத்த ஓதம் கொண்டுவந்து நிரப்பிவிடும்.

ஃபரக்காவில் கங்கையை மறித்து நீரைத் திருப்பலாம் என்ற யோசனைக்கு நம் ஊர்த் தொடர்பு ஒன்று உண்டு. 19ஆம் நூற்றாண்டின் நடுவிலேயே அதைச் சொன்னவர் ஆங்கிலேயப் பொறியாளர் ஆர்தர் காட்டன். அதற்கு முன் அவர் காவிரியில் இருந்தவர். கொள்ளிடம் நீரையெல்லாம் இழுத்துக்கொள்ள, காவிரி மணல் மேடிட்டுத் தஞ்சை வயல்கள் காய்ந்துகொண்டிருந்தபோது, கல்லணையில் மணற்போக்கிகள் வைத்தவர். 1836இல் முக்கொம்பில் மேலணை கட்டியவர். அந்த மேலணையில் நான் விரும்பிச் சொல்கிற பாடம் ஒன்று இருக்கிறது. கட்டிய சில ஆண்டுகளில் காவிரி தேவைக்கு மேல் நீரை இழுக்க ஆரம்பித்தது. அதன் படுகை தாழ்ந்தது. பிறகு காவிரித் தலைப்பிலும் தடை கட்டி அதை மட்டுப்படுத்தவேண்டி வந்தது. ஆற்றின் ஒரு கையை மடக்கினால் மறு கை நீளும். எவ்வளவு நீளும் என்பது கட்டிய பிறகுதான் தெரியும். நான் கொள்ளிடக் கரையில் வளர்ந்தவன். அந்தக் கதை எனக்குப் புத்தகத்தில் படிப்பதற்கு முன்பே பெரியவர்கள் வாயால் வந்தது.

சுதந்திரத்துக்குப் பிறகு ஜெர்மானியப் பொறியாளர் வால்டர் ஹென்சன் 1957இல் கொடுத்த அறிக்கையும் கங்கை நீரைத் திருப்புவதையே சொன்னது. வங்காளத்துப் பொறியாளர் கபில் பட்டாச்சார்யா மறுத்தார். திருப்புகிற நீர் நினைக்கிற அளவுக்கு மண்ணைத் தள்ளாது, அணைக்கு மேலே வண்டல் சேரும், கரைகள் உடையும் என்று எழுதினார். அணை 1975 ஏப்ரலில் இயங்கத் தொடங்கியது. 38 கிலோமீட்டர் நீளக் கால்வாய் வழியே நொடிக்கு 40,000 கன அடி வரை ஹூக்ளிக்குத் திருப்பலாம் என்பது வடிவமைப்பு. உப்பு குறைந்தது, டயமண்ட் ஹார்பருக்கு மேலே உள்ள திட்டுகளில் பலன் தெரிந்தது. கீழே, ஹால்டியாவை ஒட்டிய அகன்ற முகத்துவாரத்தில், எதிர்பார்த்த ஆழம் வரவில்லை. அங்கே ஓதத்தின் நீரளவுக்கு முன்னால் மேலிருந்து வரும் 40,000 கன அடி சின்னது. மேலிருந்து தள்ளப்பட்ட மண் அந்த அகன்ற வாயில் வந்து தங்கியது. மால்டாவிலும் முர்ஷிதாபாத்திலும் கரை இடிந்து வீடிழந்தவர்களின் கதை தனி. கபில் பட்டாச்சார்யாவின் எச்சரிக்கையை அவர் காலத்திலேயே பொறுமையாகக் கேட்டிருக்கவேண்டும் என்றே நான் இன்றும் நினைக்கிறேன்.

அளப்பதைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல விரும்புகிறேன். இந்தத் தொழிலில் எனக்கு மிகவும் பிடித்த வேலை அதுதான்.

ஆழம் என்று யாராவது ஒரு எண் சொன்னால், எதிலிருந்து என்று கேட்கவேண்டும். நீர்மட்டம் மணிக்கு மணி மாறும் ஆற்றில், படகிலிருந்து அளந்த ஆழத்துக்குத் தானாக எந்தப் பொருளும் இல்லை. அதே நிமிடத்தில் கரையில் ஓத அளவுகோல் என்ன காட்டியது என்று தெரிந்து, அதைக் கழித்து, வரைபடத்தின் அடிமட்டத்துக்குக் கொண்டுவந்தால்தான் அது எண். ஓதம் ஆற்றில் சாய்ந்தபடியே நகர்வதால் ஓர் அளவுகோலின் கணக்கு பத்து கிலோமீட்டர் தள்ளிப் பொருந்தாது. இரண்டு கோல்களுக்கு நடுவே நேரத்தைப் பிரித்துக் கணக்கிடவேண்டும். இரவில் டார்ச் விளக்கைக் கோலில் அடித்து, குறித்த நேரத்துக்கு ஒருமுறை நீர்மட்டத்தை எழுதிய கலாசிகளின் கையெழுத்துக் குறிப்பேடுகளைப் பார்த்திருக்கிறேன். அந்தக் குறிப்பேட்டில் ஓர் அங்குலம் தவறினால் கப்பலின் அடியில் ஓர் அங்குலம் தவறும்.

பழைய ஈயக்குண்டுக்கு ஒரு பெருமை உண்டு. குண்டின் அடியில் ஒரு குழி இருக்கும். அதில் கொழுப்பைத் தடவி இறக்குவார்கள். மேலே வரும்போது ஆழத்தோடு மண்ணும் வரும். பொடிமணலா, சிப்பித் தூளா, களியா என்று விரலால் தேய்த்துப் பார்த்து, தளம் நேற்று நகர்ந்ததா, நிலைத்ததா என்று சொல்கிற சாரங்குகள் இருந்தார்கள். ஒலியை அனுப்பி ஆழம் அளக்கும் எக்கோ சவுண்டர் வந்தபின் ஆழம் கோடாக வந்தது, மண் வரவில்லை. அதிலும் ஒரு நுட்பம் இருக்கிறது. முகத்துவாரத்தில் தளத்துக்கு மேலே கூழாக மிதக்கும் சேற்றுப்படலம் இருக்கும். 200 கிலோஹெர்ட்ஸ் அளவிலான ஒலி அந்தக் கூழின் மேற்பரப்பிலேயே பட்டுத் திரும்பிவிடும். 30 கிலோஹெர்ட்ஸ் ஒலி அதைத் துளைத்துக் கெட்டித் தளம் வரை போகும். இரண்டையும் ஒரே நேரத்தில் அனுப்பினால் தாளில் இரண்டு கோடுகள் வரும். எது அடித்தளம்? ராட்டர்டாமில் சேற்றின் அடர்த்தி லிட்டருக்கு 1.2 கிலோவை எட்டும் மட்டம் வரை கப்பல் போகலாம் என்று வரையறுத்தார்கள். அதற்கு மேலே உள்ள மெல்லிய கூழில் கப்பல் தடையின்றிப் போகும். தேவையில்லாத இடத்தில் தூர் வாரும் செலவை அந்த வரையறை மிச்சப்படுத்தியது. அளவெடுப்பவனின் நிதானம் எவ்வளவு பணம் காக்கும் என்பதற்கு இதைவிட நல்ல சான்று எனக்குத் தெரியாது.

இனி டிரெட்ஜர். பொதுமக்களுக்கு இந்தத் தொழில் என்றாலே அந்தக் கப்பல்தான். உறிஞ்சு குழாயை ஆற்றடியில் இழுத்தபடி நகர்ந்து, மண்ணும் நீருமாகத் தன் வயிற்றில் நிரப்பிக்கொண்டு போய், குறித்த இடத்தில் அடிக்கதவைத் திறந்து கொட்டிவிட்டுத் திரும்பும். நல்ல ஆட்கள் கையில் அது அற்புதமான கருவி. நீரோட்டத்துக்கு ஏற்றபடி கப்பலைப் பிடித்து, வெட்டவேண்டிய தடத்துக்குள்ளேயே குழாய்த்தலையை வைத்திருக்கும் மாஸ்டர்களை நான் மரியாதையோடு நினைத்துக்கொள்கிறேன். 1976இல் இந்தியத் தூர்வாரும் கழகம் அமைந்தபின் நம் நாட்டில் இந்தக் கலையில் தேர்ந்த ஒரு தலைமுறையே உருவானது.

ஆனால் தூர் வாரி எடுத்த ஆழம் வாடகைக்கு எடுத்த வீடு. மாதா மாதம் பணம் கட்டும்வரைதான் இருக்கலாம். ஹால்டியாவின் வழிகளுக்கு ஆண்டு முழுவதும் தூர் வாருகிறார்கள். மத்திய அரசு மானியம் கொடுத்து அதைத் தாங்கி வந்திருக்கிறது. கொட்டும் இடம் சரியில்லையென்றால் இன்னும் மோசம். முகத்துவாரத்துக்குள்ளேயே கொட்டிய மண்ணில் ஒரு பங்கை ஏறும் ஓதம் மீண்டும் எடுத்த இடத்துக்கே சுமந்து வந்துவிடும். கரையில் கொட்டினால் திரும்பாது. செலவு கூடும், இடம் வேண்டும். எவ்வளவு எடுத்தோம் என்று கணக்குக் காட்டுவது எளிது. எவ்வளவு திரும்பி வரவில்லை என்று காட்டுவதுதான் வேலை.

ஆறு தானே தோண்டவேண்டும் என்பதை எனக்குக் கண்ணால் காட்டியது பந்தால். ஹூக்ளியின் ஓதம் எட்டாத மேல் கங்கையில், பிரம்மபுத்திராவில், நீராவிப் படகுகள் ஓடிய நாளிலிருந்து செய்துவரும் மூங்கில் வேலை அது. அலகாபாத்திலிருந்து ஹால்டியா வரை 1,620 கிலோமீட்டர் நீர்வழி 1986இல் முதல் தேசிய நீர்வழியாக அறிவிக்கப்பட்டபின், அதைப் பராமரிக்கும் பணியிலும் பந்தால் தொடர்ந்தது.

மழை வெள்ளம் வடிந்து நீர் இறங்கத் தொடங்கும் ஐப்பசி, கார்த்திகை நாட்களில் வேலை ஆரம்பமாகும். ஆழவழி கரை மாறும் கடப்பு ஒன்றைத் தேர்ந்துகொள்வார்கள். அங்கே நீர் அரை கிலோமீட்டர் அகலத்துக்குப் பரவி, எங்கும் இடுப்பளவாக ஓடும். ஓட்டத்துக்கு 30, 40 பாகை சாய்வாக, இரண்டடிக்கு ஒன்று என்று மூங்கில்களை ஆற்றுத் தளத்தில் இறக்குவார்கள். பின்பக்கம் முட்டுக் கொடுத்துக் கயிற்றால் கட்டி, முன்பக்கம் மூங்கில் தட்டிகளை மாட்டுவார்கள். தட்டி தண்ணீரின் மேல்பாதியை மட்டுமே மறைக்கவேண்டும். அடிப்பாதி திறந்தே இருக்கும். முதல்முறை பார்த்தபோது இது அரைகுறை வேலை என்றே தோன்றும். கலையே அந்தத் திறந்த பாதியில்தான் இருக்கிறது.

ஆற்றில் மேல்நீர் வேகமானது, தெளிந்தது. அடிநீர் மெதுவானது, மணல் சுமந்தது. தட்டி மேல்நீரைத் தடுத்து, சாய்வு வழியே வழிப்பக்கம் தள்ளிவிடுகிறது. மணல் சுமந்த அடிநீர் தட்டியின் கீழே நுழைந்து பின்னால் போகிறது. அங்கே வேகம் இழந்து மணலை இறக்குகிறது. இரு பக்கமும் இப்படி வரிசை வரிசையாகத் தட்டிகள் நிற்க, நடுவில் சேரும் நீர் குறுகி, விரைந்து, தளத்தை அறுக்கிறது. ஓட்டத்தின் வேகம் இரட்டித்தால் அது நகர்த்தும் மணல் இரட்டிப்பதோடு நிற்காது; பல மடங்கு ஏறும். அதனால்தான் இவ்வளவு மெல்லிய மூங்கில் இவ்வளவு பெரிய ஆற்றை அசைக்கிறது. நன்றாக அமைந்த பந்தாலில் நாளுக்கு நாள் நடுவழி இறங்குவதும், தட்டிக்குப் பின்னால் மணல் தலை தூக்குவதும் தெரியும். பருவம் முடிவதற்குள் தட்டிக்குப் பின்னால் திட்டு வளர்ந்து, மூங்கில் இல்லாமலே வழியை நெருக்கிப் பிடிக்கும். அடுத்த வெள்ளத்தில் எல்லாம் போய்விடும். மறுபடி ஐப்பசியில் புதிதாகப் படித்து, புதிதாக நடவேண்டும்.

தேர்ந்த பந்தால் மேஸ்திரிகள் தட்டி கட்டுவதற்கு முன் வெகுநேரம் சும்மா இருப்பார்கள். அந்தச் சும்மா இருத்தலை நான் அருகே உட்கார்ந்து கற்க முயன்றிருக்கிறேன். ஆகாயத்தாமரைக் கொத்துகள் எந்தக் கோட்டில் மிதந்து வருகின்றன, எங்கே தயங்குகின்றன, எங்கே பிரிகின்றன என்று பார்ப்பார்கள். நுரை எந்த வரியில் சேருகிறது, காற்று ஓட்டத்துக்கு எதிராக வீசும்போது அலை எங்கே உயரமாக எழுகிறது, எங்கே நீர் அடியிலிருந்து கொப்பளிக்கிறது என்று பார்ப்பார்கள். பிறகு ஒரு நீண்ட மூங்கிலால் அங்கங்கே குத்தி, மணல் இறுகியா இருக்கிறது, புதிதாக விழுந்ததா என்று கையில் உணர்வார்கள். "இந்த வழி நிற்காது சாஹேப், ஆறு அந்தப் பக்கம் போக நினைக்கிறது" என்று ஒரு மேஸ்திரி சொன்னால், வரைபடத்தை மடித்துவிட்டு அந்தப் பக்கம் படகைத் திருப்புவதே புத்தி. ஆறு போக விரும்பாத வழியில் தட்டி கட்டினால் மூங்கிலும் உழைப்பும் மணலில் புதையும். போக விரும்பும் வழியில் கட்டினால் பாதி தட்டியிலேயே வேலை முடியும்.

காவிரியிலும் அமராவதியிலும் வாய்க்கால் தலைப்புக்கு நீர் திருப்ப, தழையும் புல்லும் மணலும் கொண்டு போடும் கொரம்பு எனக்குச் சிறுவயதிலேயே பழக்கம். கொரம்பு பாசனத்துக்கு, பந்தால் படகுக்கு; ஆனால் இரண்டையும் போடுகிறவர்கள் ஆற்றைப் பார்க்கும் பார்வை ஒன்று. இந்தப் பார்வை எந்தப் பொறியியல் கல்லூரியிலும் பாடமாக இல்லை என்பது எனக்குப் பெரிய வருத்தம்.

இதே அறிவை நிரந்தரக் கட்டுமானமாக்கிக் காட்டியவர் அமெரிக்கப் பொறியாளர் ஜேம்ஸ் ஈட்ஸ். மிசிசிப்பி கடலில் சேரும் சவுத் பாஸ் வாயில் மணல்மேட்டின் மீது எட்டடி அளவே தண்ணீர் இருந்தது. ராணுவப் பொறியாளர்களின் தலைவர் ஹம்ஃப்ரீஸ், ஆற்று வாயை விட்டுவிட்டுத் தனிக் கால்வாய் வெட்டவேண்டும் என்றார். இரண்டு இணைச் சுவர்களைக் கடலுக்குள் நீட்டி ஆற்றை நெருக்கினால் அதுவே அறுத்துக்கொள்ளும் என்றார் ஈட்ஸ். 1875இல் அமெரிக்க நாடாளுமன்றம் அனுமதித்தது. ஒப்பந்தப்படி, ஆழம் வந்தால்தான் பணம். வில்லோ மரக் கழிகளைப் பாய்போல் பின்னி, கல் ஏற்றி மூழ்கடித்து, அடுக்கடுக்காகச் சுவர் எழுப்பினார். 1879இல் அந்த வாயில் 30 அடி ஆழம் நின்றது. ஈட்ஸ் இளமையில் மூழ்கிய படகுகளின் சரக்கை மீட்கும் தொழில் செய்தவர். மூழ்குகூண்டில் மிசிசிப்பியின் அடித்தளத்தில் இறங்கி, காலடியில் மணல் ஓடுவதை உடம்பால் அறிந்தவர். அறிக்கைகள் வேறு சொன்னபோதும் அவர் அசையாமல் நின்றதற்கு அந்த அனுபவமே காரணம் என்பது என் எண்ணம்.

ஈட்ஸின் வெற்றியை எல்லா ஆற்றுக்கும் மருந்தாக எடுத்துக்கொள்ளக்கூடாது. சவுத் பாஸில் ஓதம் சிறியது. ஆறு ஒரே திசையில், ஏராளமான நீரோடு ஓடுகிறது. ஹூக்ளியின் வாயில் ஏறும் நீரும் வடியும் நீரும் சமபலமாக மோதுகின்றன. ஒன்றுக்குப் பொருந்தும் சுவர் மற்றொன்றைத் திருப்பிவிடும். ஹால்டியாவுக்கு எதிரே நயாசர் தீவு நடுவில் வளர்ந்து நீரை இரண்டாகப் பிரிக்கிறது. ஒரு காலத்தில் கப்பல்கள் பாலாரி வழியே கொல்கத்தாவுக்குப் போயின. அது மோசமானபின் தீவின் மறுபக்கம் ரங்கஃபலா வழிக்கு மாறின. ஹால்டியா பக்கம் நீரை இழுக்க நயாசரின் வட முனையில் வழிகாட்டுச் சுவர் போட்டார்கள். தூர் வாரும் தேவை அதன் பின்னும் தீரவில்லை. 1916இல் தொடங்கிய புணேயின் மத்திய நீர், மின்னாற்றல் ஆராய்ச்சி நிலையத்தில் ஹூக்ளியின் மாதிரி அமைத்து ஓதம் ஓட்டிப் பார்த்திருக்கிறார்கள். மாதிரியில் நீரைச் சரியாகக் கொண்டுவரலாம்; மண்ணின் நடத்தையைக் கொண்டுவருவதுதான் கடினம். களித்துகள் உப்புநீரில் ஒன்றோடொன்று ஒட்டித் திரளும். அதைச் சிறு அளவில் நடிக்கவைக்க முடியாது.

ஆழத்துக்கு யாராவது விலை கொடுக்கிறார்கள் என்பதையும் தொழிலுக்குள் இருப்பவர்களே முதலில் சொல்லவேண்டும். எல்பே ஆற்றை ஹாம்பர்க் துறைமுகத்துக்காக ஒரு நூற்றாண்டுக்கும் மேலாக ஆழமாக்கினார்கள். நகரத்தில் ஓதத்தின் ஏற்ற இறக்கம் சுமார் இரண்டு மீட்டராக இருந்தது, இப்போது மூன்றரை மீட்டரைத் தாண்டிவிட்டது. வழி ஆழமானதும் ஓதம் தடையின்றி உள்ளே வந்தது. வந்த ஓதம் கடல் வண்டலைச் சுமந்து வந்தது. வாரவேண்டிய தூரும் கூடியது. அருகே எம்ஸ் ஆற்றில் பாப்பன்பர்க் கப்பல் தளத்திலிருந்து பெரிய உல்லாசக் கப்பல்களை வெளியே கொண்டுபோக ஆழமாக்கினார்கள். இன்று கோடையில் அந்த ஆற்றின் கீழ்ப்பகுதி பிராணவாயு அற்ற சேற்றுக் கூழாகிவிடுகிறது. ஹூக்ளி முகத்துவாரத்தில் கோராமாரா தீவு கரைந்துகொண்டே போகிறது; அங்கிருந்த குடும்பங்கள் சாகர் தீவுக்கு இடம்பெயர்ந்தன. கடல் மட்டம், புயல், ஓட்டம் என்று அதற்குப் பல காரணங்கள் உண்டு. நாம் திருப்பும் நீருக்கும் அதில் பங்கு உண்டா என்று கேட்டு அளக்கவேண்டிய கடமை நம்முடையது. பீகாரில் சுல்தான்கஞ்சுக்கும் கஹல்காவுக்கும் இடையே முதல் தேசிய நீர்வழி கங்கை ஓங்கில்களின் சரணாலயத்தினூடே போகிறது. அந்த விலங்குக்குக் கண் பார்வை இல்லையென்றே சொல்லலாம். ஒலியால்தான் வழியும் இரையும் காண்கிறது. அதன் ஆழ்மடுக்களில் இரைச்சலோடு தூர் வாருவதற்கும், மூங்கில் தட்டி நட்டு ஆற்றையே அறுக்கவிடுவதற்கும் உள்ள வித்தியாசம் சிறியதல்ல. என் தேர்வு எப்போதும் மூங்கில் பக்கம்தான், அது போதுமான இடங்களில்.

எந்த ஆற்று வேலையையும் மதிப்பிட மூன்று, நாலு மழைக்காலங்கள் வேண்டும். முதல் ஆண்டில் வழி ஆழமானது என்று மகிழ்ந்தவர்கள், மூன்றாம் ஆண்டில் கீழே எங்கே புதுத் திட்டு பிறந்தது, எதிர்க்கரையில் எந்த ஊர்ப் படித்துறை சரிந்தது என்று போய்ப் பார்க்கவேண்டும். நடைமுறையில் கட்டுமானத்துக்குப் பணம் வருகிறது; அதைத் தொடர்ந்து அளப்பதற்குத்தான் முதலில் பணம் நிற்கிறது. ஆண்டுக் கணக்கில் விடாமல் எடுத்த குறுக்குவெட்டு அளவுகள் இருந்தால், ஒரு புதுச் சுவரின் தன்மையைச் சில நாட்களில் யோசித்துச் சொல்லலாம். நடுவில் நாலு ஆண்டுகள் விட்டுப்போனால் ஊகம்தான் மிஞ்சும். ஊகத்தின் மேல் கல்லைக் கொட்டுகிறோம்.

கங்கை நீர் பங்கீட்டுக்காக இந்தியாவும் வங்கதேசமும் 1996 டிசம்பர் 12இல் செய்த ஒப்பந்தம் 30 ஆண்டுகளுக்கானது. அதன்பின் எவ்வளவு நீர் ஹூக்ளிக்கு வரும் என்று பேசும் மேசையில், ஒவ்வொரு திட்டிலும் ஒவ்வொரு பருவத்திலும் எடுத்த ஆழக்கணக்கு இருக்கவேண்டும். ஆற்றுப் பொறியியலுக்கு வரும் இளைஞர்களிடம் நான் கேட்பது இதுதான்: டிரெட்ஜருக்கு விண்ணப்பம் எழுதுவதற்கு முன் ஒரு பருவம் முழுக்க அளவைப் படகில் உட்காருங்கள், மேஸ்திரியோடு தாழ்ந்த நீரில் திட்டின் மேல் இறங்கி நடங்கள். வரவுசெலவைத் தீர்மானிக்கும் இடத்துக்கு நீங்கள் வந்து சேரும்போது, வேறு எதைக் குறைத்தாலும் அளவைப் படகின் டீசலையும் ஓதக் கோலைப் பார்க்கும் ஆளின் சம்பளத்தையும் குறைக்காதீர்கள்.